எட்டு நொடி: யூ-2 உளவு விமானத்தின் காதும் வாயும்

1960 மே 1 அன்று சோவியத் நாட்டின் ஸ்வெர்ட்லோவ்ஸ்க் அருகே ஃபிரான்சிஸ் கேரி பவர்ஸ் ஓட்டிவந்த அமெரிக்க யூ-2 சுட்டு வீழ்த்தப்பட்ட கதை பலருக்கும் தெரியும். அந்த விமானத்தின் வாலுக்குள் மின்னணுத் தற்காப்புப் பெட்டி ஒன்று இருந்தது என்பது அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. கிரேஞ்சர் என்று அதற்குப் பெயர். துரத்தி வரும் போர் விமானத்தின் மூக்கிலுள்ள ராடாரைக் குழப்புவது அதன் வேலை. அன்று பவர்ஸை வீழ்த்தியதோ தரையிலிருந்து கிளம்பிய எஸ்-75 ஏவுகணை. பூட்டு நல்ல பூட்டுதான், திருடன் வேறு கதவு வழியாக வந்துவிட்டான்.

உயரப் பறக்கும் உளவு விமானங்களின் மின்னணுத் தற்காப்பு வரலாறு முழுக்க இந்தச் சிக்கல் திரும்பத் திரும்ப வருகிறது. நேற்றைய ஆபத்துக்குச் செய்த பெட்டியை மாட்டிக்கொண்டு இன்றைய ஆபத்துக்குள் பறப்பார்கள். எதிரி அந்தப் பெட்டிக்கு ஒரு வழி கண்டுபிடிப்பான். அப்புறம் அடுத்த பெட்டி.

யூ-2வை லாக்ஹீட் நிறுவனத்தில் கெல்லி ஜான்சன் வடிவமைத்தபோது, உயரம்தான் அதன் கவசம் என்று நினைத்தார்கள். 70,000 அடி, அதாவது ஏறக்குறைய 21 கிலோமீட்டர். அன்றைய போர் விமானங்களால் அந்த உயரத்துக்கு ஏறி நிற்க முடியாது. சோவியத் ராடார்களால் அவ்வளவு உயரத்தில் ஒழுங்காகப் பின்தொடர முடியாது என்றும் அமெரிக்க உளவு அமைப்பான சிஐஏவில் நம்பிக்கை இருந்தது. 1956 ஜூலை 4 அன்று நடந்த முதல் சோவியத் பயணத்திலேயே அந்த நம்பிக்கை உடைந்தது. விமானத்தை ராடாரில் பார்த்துவிட்டார்கள். ஒரு வாரத்துக்குள் மாஸ்கோவிலிருந்து கண்டனக் கடிதமும் வந்து சேர்ந்தது.

உடனே, ராடார் கண்ணுக்கே படாமல் செய்துவிடலாம் என்று ஒரு முயற்சி நடந்தது. ரெயின்போ என்று பெயர். இறக்கைகளைச் சுற்றிக் கம்பிகள் கட்டினார்கள், உடலின் மேல் ராடார் அலையை விழுங்கும் உறை ஒட்டினார்கள். விமானத்தின் அழகான வடிவமே கெட்டுப்போனதால் இவற்றுக்கு 'அழுக்குப் பறவைகள்' என்று செல்லப்பெயர் வைத்தார்கள். கம்பியும் உறையும் உயரத்தையும் பயணத் தூரத்தையும் தின்றன. 1957 ஏப்ரல் 2 அன்று அந்த உறை வெப்பத்தை உள்ளேயே அடக்கி வைத்ததில் இன்ஜின் அணைந்து, சோதனை விமானி ராபர்ட் சீக்கர் உயிரிழந்தார். பலன் சொற்பம், விலை அதிகம். திட்டத்தைக் கைவிட்டார்கள்.

இங்கே யூ-2வின் உடல்வாகைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அந்த உயரத்தில் காற்றின் அடர்த்தி தரைமட்டத்தில் இருப்பதில் 6 அல்லது 7 சதவீதம்தான். அங்கே வேகம் கொஞ்சம் குறைந்தால் இறக்கை தூக்குவிசையை இழக்கும். கொஞ்சம் கூடினால் விமானம் குலுங்கி, உடைந்துபோகும் அபாயம். இரண்டுக்கும் நடுவே சில நேரம் மணிக்கு 20 கிலோமீட்டர் இடைவெளிகூட இருக்காது. 'சவப்பெட்டி மூலை' என்று விமானிகள் அதைச் சொல்வார்கள். போர் விமானம் மாதிரி சட்டென்று புரண்டு, குட்டிக்கரணம் அடித்து ஏவுகணையிடமிருந்து தப்புவது யூ-2வால் ஆகாத காரியம். நிதானமாக ஒரு பக்கம் சாய்ந்து திரும்பலாம், அவ்வளவுதான். அதற்கு நேரம் வேண்டும். ஆக, ஆபத்து வருவது முன்கூட்டியே தெரிய வேண்டும்.

எடையும் ஒரு தொல்லை. ஒரு பவுண்டு எடை கூடினால் ஒரு அடி உயரம் குறையும் என்பது யூ-2 குழுவில் புழங்கிய கணக்கு. தற்காப்புக்கென்று நூறு பவுண்டு பெட்டியை ஏற்றினால், முதல் கவசமான உயரத்தில் நூறு அடியை விற்றதாக ஆகும். ஆரம்பக் காலத்தில் பெரிதாக எதையும் ஏற்றத் தயங்கியதற்கு இந்தக் கணக்கும் ஒரு காரணம்.

சரி, எதிராளியைப் பார்ப்போம். எஸ்-75, மேற்கத்திய நாடுகள் வைத்த பெயரில் எஸ்ஏ-2, பத்து மீட்டருக்கு மேல் நீளமுள்ள ஏவுகணை. ஏறக்குறைய 200 கிலோ வெடிமருந்துத் தலை. அது தன் இலக்கைத் தானாகத் தேடிப் போகாது. தரையில் ஃபேன் சாங் என்று பெயரிடப்பட்ட ராடார் ஒன்று இருக்கும். அதன் கற்றைகள் விசிறி போல மேலும் கீழும், இடமும் வலமும் வீசிக்கொண்டே விமானத்தைப் பின்தொடரும். அதே ராடார் தன் ஏவுகணையையும் பின்தொடரும். ஏவுகணையின் வாலில் உள்ள சிறு ஒலிபரப்பி "நான் இங்கே இருக்கிறேன்" என்று தரைக்குச் சொல்லிக்கொண்டே இருக்கும். இரண்டு இடங்களையும் வைத்துத் தரையிலுள்ள கணிப்பொறி திசையைக் கணக்கிட, ரேடியோ வழியாக ஏவுகணைக்குக் கட்டளை போகும். இன்னும் இடது, கொஞ்சம் மேலே, இப்போது வெடி.

கவனித்தால் இதில் மூன்று ரேடியோ இழைகள் இருக்கின்றன. விமானத்தில் பட்டுத் திரும்பும் எதிரொலி ஒன்று. ஏவுகணையிலிருந்து தரைக்கு வரும் குரல் இரண்டாவது. தரையிலிருந்து ஏவுகணைக்குப் போகும் கட்டளை மூன்றாவது. எதை அறுத்தாலும் ஏவுகணை குருடாகும். முழுதாக அறுக்கக்கூட வேண்டாம், சற்றுக் குழப்பினாலே போதும். அந்த மெல்லிய காற்றில் ஏவுகணையின் சிறகுகளுக்கும் பிடிமானம் குறைவு, கடைசி நேரத்தில் பெரிய திருத்தம் செய்ய அதனால் முடியாது. சவப்பெட்டி மூலை விமானிக்கு மட்டும் உரியதில்லை.

பவர்ஸுக்குப் பிறகு சோவியத் நாட்டுக்கு மேலே பறப்பது நின்றது. பறப்பதே நிற்கவில்லை. 1962 அக்டோபர் 27 அன்று கியூபாவின் பானெஸ் பகுதிக்கு மேலே மேஜர் ருடால்ஃப் ஆண்டர்சன் ஓட்டிய யூ-2வையும் எஸ்-75 வீழ்த்தியது. ஏவுகணை நேராக மோதவில்லை. அருகில் வெடித்ததில் பறந்த துண்டுகள் அவருடைய அழுத்த உடையைக் கிழித்தன. கியூப ஏவுகணை நெருக்கடியில் எதிரியின் தாக்குதலால் இறந்த ஒரே அமெரிக்கர் அவர்தான்.

என் பார்வையில், மின்னணுத் தற்காப்பின் உண்மையான பள்ளிக்கூடம் மாஸ்கோவோ கியூபாவோ இல்லை, சீனா. தைவானின் தாவ்யுவான் தளத்திலிருந்து 'கருப்புப் பூனை' என்ற படைப்பிரிவின் தைவான் விமானிகள் யூ-2வில் சீனப் பெருநிலத்துக்கு மேலே பறந்தார்கள். விமானமும் திட்டமும் சிஐஏவுடையவை. சீனாவிடம் அப்போது எஸ்-75 படையணிகள் விரல்விட்டு எண்ணும் அளவுக்குத்தான் இருந்தன. அவ்வளவு பெரிய நாட்டை அவற்றால் எப்படிக் காப்பது? காக்கவில்லை, வேட்டையாடினார்கள். ராடார் வண்டிகளையும் ஏவுகணைகளையும் இரவோடு இரவாக நகர்த்தி, விமானம் எந்த வழியில் வரும் என்று கணித்து, அங்கே பதுங்கிக் காத்திருந்தார்கள். 1962 செப்டம்பர் 9 அன்று நான்சாங் அருகே முதல் யூ-2 விழுந்தது. சும்மா சொல்லவில்லை, சீனர்களுக்கு இதில் முன் அனுபவமும் இருந்தது. தரையிலிருந்து கிளம்பிய ஏவுகணை ஒன்று உலகிலேயே முதன்முதலாக ஒரு விமானத்தை வீழ்த்தியது 1959 அக்டோபர் 7 அன்று, பெய்ஜிங் அருகே. விழுந்தது தைவானின் ஆர்பி-57டி என்ற இன்னொரு உயரப் பறக்கும் உளவு விமானம்.

நான்சாங் இழப்புக்குப் பிறகு தைவான் யூ-2களுக்குக் 'காது' பொருத்தினார்கள். சிஸ்டம் 12 என்று பெயர். ஃபேன் சாங் ராடாரின் துடிப்பு விமானத்தின் மேல் பட்டவுடன் விமானி அறையிலுள்ள சின்னத் திரையில் ஒரு கோடு தோன்றும். எந்தத் திசையிலிருந்து ராடார் பார்க்கிறது என்பதை அது காட்டும். விமானி எதிர்த் திசையில் சாய்ந்து திரும்பி, ஏவுகணையின் எல்லைக்கு வெளியே போய்விடலாம்.

இது அருமையாக வேலை செய்தது. 1963இல் சீனப் படையணிகள் காத்திருந்து ராடாரைப் போட்டதும், விமானம் முகத்தைத் திருப்பிக்கொண்டு போவது பல முறை நடந்தது. முதலில் தற்செயல் என்று நினைத்திருக்கலாம். ஒவ்வொரு முறையும் ராடார் போட்ட சில நொடிகளிலேயே திரும்பினால் அது தற்செயல் ஆகாது. விமானத்தில் ஏதோ ஒன்று கேட்டுக்கொண்டிருக்கிறது என்று ஊகித்தார்கள்.

அவர்கள் கண்டுபிடித்த பதில் மின்னணுக் கருவி எதுவும் இல்லை, பயிற்சி. சோவியத் கையேட்டின்படி, ராடாரைப் போட்டு, இலக்கைப் பிடித்து, கணக்குகளைச் சரிபார்த்து, ஏவுகணையைத் தயார் செய்து ஏவுவதற்குப் பல நிமிடங்கள் ஆகும். அந்த நிமிடங்கள் முழுக்க ராடார் கத்திக்கொண்டே இருக்கும். யுவே ஜென்ஹுவா என்ற தளபதியின் இரண்டாம் படையணி அந்த வேலைகளில் முடிந்தவரை எல்லாவற்றையும் ராடாரைப் போடுவதற்கு முன்னாலேயே செய்து முடித்தது. விமானம் எங்கே வருகிறது என்பதை வேறு வகை ராடார்களை வைத்துக் கண்காணித்தார்கள். சிஸ்டம் 12 தேடியதோ ஃபேன் சாங்கின் குரலை. விமானம் 35 கிலோமீட்டர் அளவுக்கு நெருங்கிய பிறகே ஃபேன் சாங்கைப் போடுவது. போட்ட எட்டு நொடிக்குள் ஏவுவது. சீன ராணுவ வரலாற்றில் இதற்கு 'நெருக்கமாக, வேகமாக' என்ற பொருளில் ஒரு பெயரே உண்டு.

ஒரு சின்னக் கணக்குப் போட்டுப் பாருங்கள். யூ-2 நொடிக்கு ஏறக்குறைய 210 மீட்டர் போகும். எட்டு நொடியில் ஒன்றே முக்கால் கிலோமீட்டர் கூட நகராது. விமானி திரையில் கோட்டைப் பார்த்து, அது என்னவென்று புரிந்து, சவப்பெட்டி மூலையில் கவனமாகச் சாய்த்துத் திரும்ப ஆரம்பிப்பதற்குள் ஏவுகணைகள் தரையை விட்டுக் கிளம்பியிருக்கும். 1963 நவம்பர் 1 அன்று ஜியாங்சி மாநிலத்தின் ஷாங்ராவ் அருகே அப்படித்தான் நடந்தது. மூன்று ஏவுகணைகள். விமானி யே சாங்-டி உயிரோடு பிடிபட்டார். பத்தொன்பது ஆண்டுகள் கழித்து, 1982இல்தான் அவருக்கு விடுதலை கிடைத்தது.

காது கெட்டுப்போகவில்லை. எதிராளி பேசாமல் இருக்கக் கற்றுக்கொண்டான்.

காது மட்டும் போதாது என்று தெரிந்ததும் 'வாய்' தேவைப்பட்டது. சிஸ்டம் 13 என்ற ஜாமர், அதாவது ராடாரைக் குழப்பும் கருவி. இதில் ஒரு விசித்திரமான தடை வந்தது. ஜாமர் பொருத்திய விமானம் சீன மண்ணில் விழுந்தால், அந்தப் பெட்டி அப்படியே எதிரியின் மேசைக்குப் போகும். அதைப் பிரித்துப் பார்த்து சோவியத் நிபுணர்கள் மாற்றுவழி கண்டால், அமெரிக்காவின் சொந்தக் குண்டுவீச்சு விமானங்களுக்கும் அது வினையாகும். அதனால் தைவான் விமானங்களுக்கு மிகச் சிறந்த ஜாமரைத் தர அமெரிக்கப் பாதுகாப்புத் துறை தயங்கியது. யோசித்தால் கொடுமையான கணக்கு இது. ஆபத்து அதிகமுள்ள இடத்தில் பறப்பவருக்கு, ஆபத்து அதிகம் என்பதாலேயே நல்ல கவசம் கிடைக்காது. பயந்தது வீணுமில்லை. வீழ்த்திய யூ-2களில் நான்கின் சிதைவுகளைப் பெய்ஜிங் ராணுவ அருங்காட்சியகத்தில் 1965இல் மக்கள் பார்வைக்கே வைத்தார்கள்.

இதே காலத்தில் யூ-2 நம் நாட்டிலிருந்தும் பறந்திருக்கிறது என்பது பலருக்குப் புதிதாக இருக்கலாம். சீனப் போருக்குப் பிறகு நேருவின் அரசு சம்மதித்து, ஒடிசாவின் சார்பாட்டியா தளத்திலிருந்து 1964 மே மாதம் சிஐஏவின் யூ-2 ஒன்று கிளம்பியது. சில நாட்களில் நேரு காலமானார். இந்த விவரங்களை அமெரிக்கா வெளியிட்டது 2013இல்தான்.

ஜாமர் எப்படி ஏமாற்றுகிறது? எளிய வழி இரைச்சல். ராடாரின் அலைவரிசையில் ஓயாமல் கத்தினால் எதிரொலி அதில் அமுங்கிப்போகும். ஆனால் கத்துகிறவன் எந்தத் திசையில் இருக்கிறான் என்பது ஊருக்கே தெரியும். ஒற்றை யூ-2வில் அவ்வளவு சத்தம் போட மின்சாரமும் கிடையாது. சாமர்த்தியமான வழி, பொய் சொல்வது. ராடார் துடிப்பு வந்ததும் அதே மாதிரி ஒரு துடிப்பை உண்மையான எதிரொலியை விடக் கொஞ்சம் பலமாகத் திருப்பி அனுப்புவது. ராடார் பலமான குரலைப் பிடித்துக்கொள்ளும். அப்புறம் அந்தப் பொய்க் குரலைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தாமதப்படுத்திக்கொண்டே போனால், விமானம் தொலைவில் விலகிப்போவதாக ராடார் நம்பும். போதுமான தூரம் கூட்டிக்கொண்டு போன பிறகு வாயை மூடிக்கொண்டால், ராடார் வெறும் வானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கும். ஃபேன் சாங் போல வீசிப் பார்க்கும் ராடாருக்குத் திசையிலும் இப்படிப் பொய் சொல்லலாம். கற்றை தன்மேல் படாத நொடியில் பதில் அனுப்பினால், விமானம் அந்த வேறு திசையில் இருப்பதாகத் தோன்றும்.

பொய்க்கும் ஆயுள் உண்டு. 1967 செப்டம்பரில் சீனா தானே தயாரித்த ஹாங்சி-2 ஏவுகணை, ஜாமரையும் மீறி ஜியாஷிங் அருகே இன்னொரு யூ-2வை வீழ்த்தியது. கருப்புப் பூனைப் பிரிவு சீனாவின் மேல் இழந்த ஐந்தாவது யூ-2 அது. அடுத்த ஆண்டோடு பெருநிலத்துக்குள் நுழைவது நின்றது. அதன் பிறகு கடற்கரையை ஒட்டிப் பறந்து, சாய்வாக உள்ளே எட்டிப் பார்க்கும் கேமராக்கள்தான்.

இன்னொரு பக்கம், வேகத்தைக் கவசமாக வைத்து வந்த அமெரிக்க உளவு விமானங்கள் ஏ-12ம் அதன் தம்பி எஸ்ஆர்-71ம். ஒலியை விட மூன்று மடங்குக்கு மேல் வேகம், 80,000 அடிக்கு மேல் உயரம். நொடிக்கு ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர். எஸ்-75இன் வட்டத்தை ஒன்றரை நிமிடத்துக்குள் குறுக்கே கடந்துவிடும். இங்கே கடிகாரம் விமானியின் பக்கம். அவ்வளவு இருந்தும் சிஐஏ ஏ-12ஐப் பெட்டி இல்லாமல் அனுப்பவில்லை. ப்ளூ டாக், பின் பெக், பிக் பிளாஸ்ட், மேட் மாத் என்று வினோதமான பெயர்களில் பல பெட்டிகள். இவற்றில் ப்ளூ டாக் குறிவைத்தது நாம் முன்பு பார்த்த மூன்றாவது இழையை, தரையிலிருந்து ஏவுகணைக்குப் போகும் கட்டளையை.

1967 அக்டோபர் 30 அன்று டென்னிஸ் சல்லிவன் ஓட்டிய ஏ-12ஐ நோக்கி வட வியட்நாமின் ஹனோய் அருகே குறைந்தது ஆறு ஏவுகணைகள் கிளம்பின. எதுவும் வீழ்த்தவில்லை. தளத்துக்குத் திரும்பிப் பார்த்தபோது இறக்கையின் அடிப்பகுதியில் ஒரு சிறு உலோகத் துண்டு சிக்கியிருந்தது. வேகம், உயரம், ஜாமர் மூன்றும் சேர்ந்தும் அவ்வளவு நெருக்கம்! எஸ்ஆர்-71இல் பின் இருக்கையில் உட்காரும் அதிகாரிக்கு இந்தத் தற்காப்புப் பெட்டிகளைக் கவனிப்பது முக்கிய வேலைகளில் ஒன்று. கட்டிய 32 எஸ்ஆர்-71களில் 12 விபத்தில் போயின. எதிரியால் ஒன்றுகூட வீழவில்லை. அதற்கு வேகம்தான் காரணம் என்று ஒரே வரியில் எழுதிவிடுவார்கள். பின் இருக்கைக்காரருக்கும் அந்தப் பெருமையில் பாதி சேர வேண்டும் என்றுதான் எனக்குப் படுகிறது.

எஸ்ஆர்-71 ஓய்வு பெற்று அருங்காட்சியகங்களுக்குப் போய்விட்டது. மெதுவாகப் பறக்கும் யூ-2 அதற்குப் பிறகும் பல ஆண்டுகள் வேலை பார்த்தது. 1967இல் வந்த யூ-2ஆர் முதல் மாதிரியை விட மூன்றில் ஒரு பங்கு பெரியது என்பதால், எடைக் கணக்கும் கொஞ்சம் தளர்ந்தது. காதும் வாயும் இப்போது தனித்தனிப் பெட்டிகள் இல்லை. ஏஎல்க்யூ-221 என்ற ஒரே அமைப்பு ராடாரைக் கேட்டு, இன்னதென்று அடையாளம் கண்டு, தேவைப்பட்டால் ஜாம் செய்கிறது. செய்வது பிஏஇ சிஸ்டம்ஸ். நியூ ஹாம்ப்ஷயரின் நாஷுவாவில் சாண்டர்ஸ் என்ற பெயரில் இயங்கி, 1986இல் லாக்ஹீடுக்கும் 2000இல் பிஏஇக்கும் கைமாறிய பழைய கடைதான் அது.

ஆனாலும் எதிராளி நின்ற இடத்தில் நிற்கவில்லை. இன்றைய ராடார்கள் ஒரே அலைவரிசையில் கத்துவதில்லை, துடிப்புக்குத் துடிப்பு மாற்றுகின்றன. சில, பின்னணி இரைச்சலில் கலந்துபோகிற மாதிரி கிசுகிசுக்கின்றன. எதுவுமே அனுப்பாமல் விமானம் வெளியிடும் அலைகளை மட்டும் கேட்டுக்கொண்டிருக்கும் நிலையங்களும் உண்டு. ஷாங்ராவில் எட்டு நொடியாகச் சுருங்கிய குரல், அங்கே முழு மௌனமாகிவிட்டது. இதற்குப் பதிலாகத்தான் இப்போதைய ஜாமர்கள் வந்த துடிப்பை எண்முறையில் பதிவு செய்து, அச்சு அசலாகவும் வேண்டிய திருத்தத்தோடும் திருப்பி அனுப்புகின்றன. விமானத்துக்குப் பின்னால் நீண்ட கம்பியில் பொய் இலக்கு ஒன்றை இழுத்துப் போவது இன்னொரு உத்தி. ஏவுகணை ஏமாந்தால் கம்பியின் முனை போகும், விமானம் பிழைக்கும். ஆளில்லா குளோபல் ஹாக் விமானத்துக்கு அப்படி ஒரு ஏற்பாட்டை வடிவமைப்பிலேயே யோசித்தார்கள்.

அந்தக் குடும்பத்தைச் சேர்ந்த அமெரிக்கக் கடற்படை விமானம் ஒன்றை 2019 ஜூன் 20 அன்று ஹோர்முஸ் நீரிணை அருகே ஈரான் வீழ்த்தியது. யூ-2வை விடத் தாழ்வாக, அதைவிட மெதுவாகப் போகும் பெரிய இறக்கை. உள்ளே விமானி இல்லாததால் ஒரு உயிர் மிஞ்சியது.

இந்தப் பெட்டிகள் எல்லாவற்றுக்கும் அடியில் ஒரு பட்டியல் இருக்கிறது. எந்த ராடார், எந்த அலைவரிசை, எத்தனை துடிப்பு, எந்த வேகத்தில் வீசும் என்ற பட்டியல். காது கேட்டதை அதோடு ஒப்பிட்டுத்தான் "இது இன்னது" என்று சொல்கிறது. பட்டியலில் இல்லாத ராடார் வந்தால், கேட்டும் புரியாது. அதனால் யாராவது எல்லையோரமாக நெருங்கிப் பறந்து, புது ராடார்களின் குரலைப் பதிவு செய்துகொண்டு வர வேண்டியிருக்கிறது. மூக்கிலும் இறக்கைப் பெட்டிகளிலும் கேட்கும் கருவிகளை நிரப்பிக்கொண்டு அந்த வேலைக்குப் போகிற விமானங்களில் யூ-2வும் ஒன்று. அமெரிக்க விமானப்படை அதற்கு ஓய்வு கொடுக்க 2026ஆம் நிதியாண்டைக் குறித்து வைத்திருந்தது.